ஃபெய்சுவின் கிளையில் இரட்டைக் கோடு

ரொறன்ரோவில் ஒரு பெரிய நூதனசாலையின் காட்சிப் பிரிவில் நான் பணியேற்றபோது எனக்கு வயது நாற்பத்தொன்பது. அதற்கு முன்னர் யாழ்ப்பாணத்தில் பதினெட்டு ஆண்டுகள் படவரைஞராக இருந்தவன். கல்லூரியில் உயர்தரம் வரை கற்று, கணிதத்திலும் வரைதலிலும் தேறி, நில அளவையாளர் ஒருவரின் அலுவலகத்தில் சேர்ந்தேன். காணிப் பிரிவிடல் வழக்குகளுக்கு வேண்டிய நிலப்படங்களையும் வம்சாவளிகளையும் வரைவது என் பொறுப்பு. நான் வரைந்த வம்சாவளி ஒன்றேனும் பிழையென்று நீதிமன்றத்திலிருந்து திரும்பி வந்ததில்லை. இதைப் பெருமையாகவே சொல்கிறேன். கீழே எழுதுவதை வாசிப்பவர்கள், என் தகுதி அன்று எந்த அளவில் இருந்தது என்பதை அறிந்துகொண்டே வாசிக்க வேண்டும்.

பிரிவிடல் வழக்கு என்றால் என்னவென்று இந்நாட்டில் வளர்ந்தவர்களுக்குத் தெரியாது. ஒரு காணி மூன்று நான்கு தலைமுறையாகப் பிரிக்கப்படாமல் கிடக்கும். பங்காளிகள் நாற்பது ஐம்பது பேராகப் பெருகிவிடுவார்கள். அவர்களில் ஒருவர் தம் பங்கைத் தனியே கேட்டு வழக்கு வைத்தால், முதலில் காணியை வைத்திருந்தவர் தொடக்கம் இன்று உயிரோடு இருக்கும் கடைசிப் பிள்ளை வரை எல்லோரையும் ஒரே தாளில் வரைந்து காட்ட வேண்டும். சீதனம் பெற்றுச் சென்ற பெண்ணுக்குப் பெற்றோரின் மிகுதிச் சொத்தில் உரிமை இல்லை என்பது எங்கள் பழைய வழமை. அப்படிப்பட்ட பெண்ணைப் பெற்றோருடன் இணைக்கும் கோட்டின் குறுக்கே இரண்டு சிறு கோடுகள் இடுவது எங்கள் அலுவலகத்தின் முறை. இரட்டைக் கோட்டைக் கண்டவுடன், அந்தக் கிளை தனக்குரியதைப் பெற்று விலகிவிட்டது என்று நீதிபதிக்கு விளங்கிவிடும். பிற்காலத்தில் மூலக் காணி ஏதோ ஒரு வழியில் அந்தக் கிளைக்கே திரும்பி வந்திருந்தால், அந்தக் கோடு இடப்படக் கூடாது. ஆகையால், கடைசிக் காணிப் பத்திரம் வரை வாசித்து முடிக்காமல் எவரும் மைப் பேனாவின் மூடியைத் திறக்கக் கூடாது என்பது எங்கள் அளவையாளர் ஐயாவின் கட்டளை. பதினெட்டு ஆண்டுகளில் நான் அதை ஒருமுறையும் மீறியதில்லை.

கனடாவுக்கு வந்த பின்னர் இரண்டு ஆண்டுகள் பிறம்ரனில் ஒரு களஞ்சியசாலையில் பெட்டிகளுக்கு ஒட்டுத்தாள் ஒட்டினேன். அதைப்பற்றி எழுத ஒன்றுமில்லை. பின்னர் இந்த நூதனசாலையில், கையால் எழுத்தும் படமும் வரையக்கூடிய ஒருவர் தற்காலிகப் பணிக்குத் தேவை என்று அறிந்து, என் பழைய படங்களின் பிரதிகளோடு போனேன். அவற்றை ஒவ்வொன்றாகப் புரட்டிப் பார்த்த பிரிவுத் தலைவி மிஸ் பிரைஸ், “திங்கட்கிழமை வாருங்கள்” என்று மட்டும் சொன்னார்.

மிஸ் பிரைஸ் ஐம்பத்தைந்து வயது மதிக்கத்தக்க, உயரமான, சதை பிடிக்காத பெண்மணி. எவரையும் முதற் பெயர் சொல்லி அழைக்கும் இந்நாட்டு வழக்கத்துக்கு மாறாக, எல்லோரையும் மிஸ்டர், மிஸ்ஸிஸ் என்றே அழைப்பார். அது எனக்குப் பிடித்திருந்தது. ஒரு பிழையை அவர் வாயால் சொன்னதே கிடையாது. தாளில் ஐயத்துக்குரிய இடத்தில் தம் பென்சிலைக் கிடத்துவார். அதன் கூர்முனை சரியாக அந்த எழுத்தைத் தொட்டுக்கொண்டிருக்கும். பிறகு கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு, நாம் பேசும்வரை நிற்பார். முதல் ஆண்டில் அந்தப் பென்சில் என் தாளில் நான்கு முறை கிடந்தது. நான்கும் ஆங்கில எழுத்துகளுக்கிடையே விட்ட இடைவெளி பற்றியவை. இரண்டாம் ஆண்டில் ஒருமுறையும் இல்லை.

வேலைமுறை இதுதான். ஆய்வாளர் தட்டச்சுக் குறிப்புகளைத் தருவார். நான் மெல்லிய நீலப் பென்சிலால் ஒழுங்கமைப்பை வரைவேன். அது சம்பந்தப்பட்டவர்களின் கூட்டத்தில் பார்க்கப்படும். ஒப்புதல் கிடைத்ததும் ஒளி ஊடுருவும் தாளில் மையால் வரைவேன். அதைப் படம்பிடித்து, பட்டுத்துணி அச்சு முறையில் வெள்ளைப் பலகையில் பதிப்பார்கள். பதித்த பிறகு திருத்துவதென்றால் சவரத் தகட்டால் சுரண்டுவதைத் தவிர வேறு வழியில்லை. கணினி அந்த மேசைக்கு வராத காலம் அது.

தொண்ணூறுகளின் நடுப்பகுதியில், பழஞ்சீனத்தின் சின் அரசு தோன்றிய கதையைக் கூறும் கண்காட்சி ஒன்றுக்கான வேலை தொடங்கியது. பிற்காலத்தில் சீனம் முழுவதையும் ஒரே ஆட்சியின் கீழ்க் கொண்டுவந்த அரசு அது. அதன் முதல் தலைவர் ஃபெய்சு. அவருடைய முன்னோரையும் வழிவந்தோரையும் காட்டும் இரண்டு வம்சாவளிப் பலகைகள் வேண்டும் என்றார்கள். குறிப்புகளை எழுதியவர் டொக்டர் லின் என்ற வரலாற்று ஆய்வாளர். தைப்பேயில் பிறந்து ரொறன்ரோவில் நெடுங்காலம் வாழ்ந்தவர். முதற் பலகை ஃபெய்சுவின் கொள்ளுப்பேரன் சின் சோங்கோடு முடியும். அவருக்குப் பின் வருபவை இரண்டாம் பலகைக்குரியவை. இரண்டுக்குமான குறிப்புகள் தனித்தனிக் கட்டுகளாக ஒரே நாளில் என் மேசைக்கு வந்தன. இதை நான் மறைக்கவில்லை.

முதற் கட்டை வாசித்தபோது கதிரையில் நிமிர்ந்து உட்கார்ந்தேன். மூவாயிரம் ஆண்டுகளுக்குச் சற்றுக் குறைந்த காலத்துக்கு முன்னர், சீனத்தின் மேற்கு எல்லையில் தாலுவோ என்ற தலைவர் இருந்தார். அவருக்கு இரண்டு ஆண்மக்கள். ஷென் நாட்டுப் பிரபுவின் மகள் வயிற்றில் பிறந்த செங் என்பவரே வாரிசு. மற்றவர் ஃபெய்சு, குதிரை வளர்ப்பதில் வல்லவர். அன்று சீனத்துக்கு மேலரசராக இருந்த சௌ மன்னர் அவரை அழைத்து, இரண்டு ஆறுகளுக்கு இடைப்பட்ட புல்வெளியில் அரச குதிரைகளைப் பெருக்கும் பொறுப்பைக் கொடுத்தார். குதிரைகள் பெருகின. மகிழ்ந்த மன்னர், செங்கை நீக்கிவிட்டு ஃபெய்சுவையே தாலுவோவின் வாரிசாக்க விரும்பினார். உடனே ஷென் பிரபு எழுந்து நின்றார். என் மகளின் மகனே உரிமையாளன், அவனை நீக்கினால் எங்களோடு மணவுறவு கொண்ட மேற்குக் குடிகள் உமக்கு எதிராகத் திரும்பும் என்றார். மன்னர் இறங்கி வந்தார். செங்கை அவர் இடத்திலேயே விட்டு, ஃபெய்சுவுக்குச் சின் என்ற சிறு நிலத்தைத் தனியாகக் கொடுத்தார்.

தாய்வழிப் பாட்டனார் பேரப்பிள்ளைக்காக வந்து நிற்பதும், ஒரு மகனுக்கு வேறொரு துண்டைக் கொடுத்து விலக்கிவிடுவதும் நான் பதினெட்டு ஆண்டுகள் வரைந்த கதைகள். தகப்பன் மகன் என்று நேர்கீழே இறங்கும் ஒற்றைக் கோடு போதும் என்று மிஸ் பிரைஸ் முன்பே சொல்லியிருந்தார். அந்த ஒற்றைக் கோட்டில் இந்த உரிமை வழக்குத் தெரியாது. நான் ஷென் பிரபுவையும் அவர் மகளையும் பக்கத்தில் சேர்த்தேன். பின்னர், தாலுவோவையும் ஃபெய்சுவையும் இணைக்கும் கோட்டின் குறுக்கே இரட்டைக் கோடு இட்டேன்.

கூட்டத்தில் பென்சில் வந்து கிடந்தது. அதன் முனை இரட்டைக் கோட்டைத் தொட்டது.

நான் எழுந்து நின்று விளக்கினேன். சீதனம் பெற்றுச் சென்ற பெண்ணைப் போல, தந்தையின் நிலத்தில் உரிமையை விட்டு, தனி நிலத்தோடு விலகிய கிளையை எங்கள் நீதிமன்றங்களில் இவ்வாறே காட்டுவோம் என்றேன்.

டொக்டர் லின் கண்ணாடியைக் கழற்றிவிட்டுக் குனிந்து பார்த்தார். “இங்கே சிலர் இதை உறவு முறிந்ததாக எடுத்துக்கொள்வார்கள். ஃபெய்சு தாலுவோவின் மகனே இல்லை என்று எண்ணிவிடமாட்டார்களா?”

“பலகையின் அடியில் ஒரு விளக்க வரி வைத்தால் எண்ணமாட்டார்கள். உங்கள் குறிப்பு ஐந்து வரிகளில் சொல்வதை இந்த இரண்டு கோடுகள் சொல்லிவிடுகின்றன.”

“ஆக, ஃபெய்சு சீதனத்தோடு வீட்டை விட்டுப் புறப்பட்ட மணப்பெண்?”

“சட்டத்தின் கண்ணில் அப்படித்தான்.”

டொக்டர் லின் சத்தமாகச் சிரித்தார். மிஸ் பிரைஸ் சிரிக்கவில்லை. “நிச்சயம்தானா, மிஸ்டர் நாதன்?” என்று கேட்டார்.

“நிச்சயம்.”

அவர் பென்சிலை எடுத்துக்கொண்டார். விளக்க வரியை டொக்டர் லின் அங்கேயே எழுதித் தந்தார்: தனி நிலம் பெற்று, தந்தையின் நிலத்தில் உரிமை நீங்கிய கிளை. அன்று பிற்பகல் மிஸ் பிரைஸ் என்னைத் தம் அறைக்கு அழைத்து, என் பதவியை நிரந்தரமாக்கும்படி பரிந்துரைக்கப் போவதாகவும், இந்தப் பலகையை அதற்கு ஆதாரமாகக் காட்டப் போவதாகவும் சொன்னார். ஆறு ஆண்டுகளாக எந்த நாட்டிலும் நிரந்தரமாக எதுவும் இல்லாமல் இருந்த மனிதனுக்கு அந்தச் சொல்லின் கனம் தெரியும்.

பலகைகளைச் சுவரில் பொருத்துபவர் தவராசா, மட்டக்களப்பைச் சேர்ந்த தச்சர். நாற்பது வயதுக்காரர், வாய் ஓயாதவர். மதிய உணவு வேளையில் என் எதிரே வந்து உட்கார்ந்தார்.

“என்ன அண்ணன், உங்கட யாழ்ப்பாணத்துச் சட்டம் சீனாவிலயும் ஓடுதாம்?”

“உமக்கு ஆர் சொன்னது?”

“அந்த லின் ஐயாதான் எல்லாருக்கும் சொல்லிக்கொண்டு திரியிறார். ராசாவுக்கும் சீதனம் குடுத்து அனுப்பினவன் எங்கட நாதன் அண்ணன்தான் எண்டு.”

“ராசா இல்லை. அப்ப அவர் ராசாவுக்குக் குதிரை பாக்கிறவர்.”

“குதிரை பாக்கிறவருக்கே காணி குடுத்திருக்கிறாங்க. நான் எத்தனை வருசமா இவங்களுக்குப் பலகை அடிக்கிறன், ஒரு பூச்சட்டி குடுத்தாங்களா?” என்றவர், என் சாப்பாட்டுப் பெட்டியை எட்டிப் பார்த்தார். “உது என்ன, இண்டைக்கும் கத்தரிக்காயா?”

முதற் பலகை அச்சாகி வந்து, தவராசாவின் கையால் சுவரில் ஏறியது. திறப்பு விழாவுக்கு எட்டு நாட்கள் இருந்தன. அன்று காலையிலேதான் இரண்டாம் கட்டை அவிழ்த்தேன்.

அதன் இரண்டாவது பக்கத்தில் இருந்த செய்தி இது. மேற்குக் குடிகள் கிளர்ந்தெழுந்து, தாலுவோவின் மூல நிலத்திலிருந்த செங்கின் வழியினரை அடியோடு அழித்தார்கள். ஃபெய்சுவின் கொள்ளுப்பேரன் சின் சோங்கும் அவர்களோடு போரிட்டு மாண்டார். அவருடைய ஐந்து மக்களில் மூத்தவர் சுவாங் பிரபு. அவர் தம்பிமாரோடு சென்று மேற்குக் குடிகளை வென்றார். சௌ மன்னர் அவருக்குச் சின் நிலத்தோடு, அவருடைய மூதாதை தாலுவோவின் நிலத்தையும் சேர்த்துக் கொடுத்தார்.

மூலக் காணி விலகிய கிளைக்கே திரும்பி வந்துவிட்டது. என் அலுவலகத்தின் முறைப்படியே, அந்த இரட்டைக் கோடு இடப்பட்டிருக்கக் கூடாது. கடைசிப் பத்திரத்தை வாசிக்காமல் பேனாவைத் திறந்திருக்கிறேன். அது என் மேசையிலேயே, கையெட்டும் தூரத்தில், அவிழ்க்கப்படாத கட்டாகக் கிடந்தது. வேறொரு பலகைக்குரியது என்று ஒதுக்கிவைத்தேன். இதைத்தவிர நான் சொல்லக்கூடிய நியாயம் எதுவுமில்லை.

இதை அறிந்தவன் நான் ஒருவனே. டொக்டர் லினுக்கு வரலாறு தெரியும், எங்கள் முறை தெரியாது. மிஸ் பிரைசுக்கு இரண்டும் தெரியா. பார்க்க வருபவர்களில் எவரும் யாழ்ப்பாணத்து நீதிமன்றத்தில் வேலை செய்தவராக இருக்கப்போவதில்லை. பரிந்துரைக் கடிதம் ஏற்கெனவே மேலிடத்துக்குப் போயிருந்தது.

மாலையில் அஜின்கோர்ட்டில் இருந்த எங்கள் குடியிருப்பில், மனைவியிடம் சொன்னேன். அவர் தேநீரை என் முன்னே வைத்துவிட்டு, எல்லாவற்றையும் கேட்டார்.

“இஞ்சேருங்கோ, உந்தச் சீனாக்காரர் செத்து எவ்வளவு காலம்?”

“மூவாயிரம் வருசத்துக்குக் கிட்ட.”

“அவர் வந்து கேக்கப்போறாரோ, என்ர காணி எங்கை எண்டு?”

“அவர் கேக்கத் தேவையில்லை. அந்தக் கோட்டுக்கு நிச்சயம் எண்டு சொன்னது நான்.”

“வேலை நிரந்தரமாகின பிறகு சொல்லுங்கோவன். ஆர் வேண்டாமெண்டது?”

“அப்ப அது பொய்யிலை வந்த வேலையாப் போகும்.”

மனைவி தேநீரை என் பக்கம் நகர்த்தினார். “உங்களை நான் கட்டேக்கையே என்ர அப்பா சொன்னவர்,” என்றார். “மாப்பிள்ளை நல்ல மனுசன், ஆனா வளையாது எண்டு. குடியுங்கோ, ஆறுது.”

மறுநாள் காலை ஒன்பது மணிக்கு இரண்டு கட்டுகளையும் எடுத்துக்கொண்டு மிஸ் பிரைசின் அறைக்குச் சென்றேன். டொக்டர் லினையும் வரும்படி கேட்டிருந்தேன். குறித்த பக்கத்தைத் திறந்து மேசையில் வைத்து, என்னிடமிருந்த பென்சிலை அந்த வரியின் மேல் கிடத்தினேன். பின்னர் என் பிழையை ஒன்றும் விடாமல் சொன்னேன்.

முதலில் பேசியவர் டொக்டர் லின். “நீங்கள் தேவைக்கு மேல் கடுமையாக இருக்கிறீர்கள். சுவாங் பிரபுவுக்கு அந்த நிலம் போர் வென்ற பரிசாகக் கிடைத்தது. வாரிசுரிமையாக இல்லை. ஃபெய்சுவின் காலத்துக்கு உங்கள் கோடு சரியானதே. அப்படியே விட்டுவிடலாம்.”

எனக்கு நீட்டப்பட்ட அந்தக் கையைப் பிடித்துக்கொண்டு கரையேறியிருக்கலாம். டொக்டர் லினின் வாதம் வலுவானது. இன்றும் அதை மதிக்கிறேன்.

“டொக்டர், மன்னர் கொடுத்தது வெறும் நிலம் என்றால் உங்கள் வாதத்தை ஏற்பேன். அவருடைய மூதாதை தாலுவோவின் நிலம் என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். மூலநூலில் மூதாதை என்ற சொல் இருக்கிறதா?”

அவர் தம் குறிப்பைக் குனிந்து பார்த்தார். “இருக்கிறது.”

“அப்படியானால் மன்னரின் கணக்கில் சுவாங் பிரபு தாலுவோவின் வழியினர்தான். அந்தக் கிளை விலகிவிடவில்லை. பலகையில் உரிமை நீங்கிய கிளை என்று இருக்கிறது.”

மிஸ் பிரைஸ் என்னைப் பார்த்தார். “நிச்சயமா என்று உங்களிடம் கேட்டேன்.”

“கேட்டீர்கள்.”

“நிச்சயம் என்றீர்கள்.”

“ஆம். அப்போது நான் வாசித்து முடித்திருக்கவில்லை.”

அவர் குறிப்புக் கட்டை மூடினார். “என் பரிந்துரையைத் திருப்பி எடுக்க வேண்டியிருக்கும்,” என்றார்.

“அதை எதிர்பார்த்தே வந்தேன்.”

“இரண்டாம் பலகையே இன்னும் அச்சாகவில்லை, இதையும் மறுபடி அச்சிட நாட்கள் போதாது. சுரண்ட முடியுமா?”

“முடியும். நானே செய்கிறேன்.”

பலகையைச் சுவரிலிருந்து இறக்கித் தரும்படி தவராசாவிடம் கேட்கப் போனபோது, அவர் திருப்புளியைக் கையில் வைத்துக்கொண்டு என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

“அண்ணன், இத ஏத்த எனக்கு ரெண்டு மணித்தியாலம் எடுத்தது. எழுத்துப் பிழையா?”

“இல்லை. என்ர பிழை.”

“ஆரு கண்டுபிடிச்சது?”

“நான்.”

“பிழை விட்டதும் நீங்க, பிடிச்சதும் நீங்க. அப்ப வாய மூடிக்கொண்டிருந்தா ஆருக்குத் தெரியும்?” என்று தலையில் தட்டிக்கொண்டார். “சரி, பிடிங்க மற்றப் பக்கத்த. மறுகா ஒருக்கா இறக்கச் சொன்னா, உங்களையும் சேத்துத்தான் சுவரில அடிப்பன், சொல்லிற்றன்.”

பலகையை வேலை மேசையில் கிடத்தி, உருப்பெருக்குக் கண்ணாடியை விளக்கோடு பொருத்தினேன். பட்டுத்துணி அச்சு மை வெள்ளைப் பலகையின் மேல் மெல்லிய தோலாக நிற்கும். சவரத் தகட்டைப் பலகையோடு படுத்தாற்போல் பிடித்து, முடியளவாக நீக்கிக்கொண்டு வரவேண்டும். அழுத்தினால் பலகை கீறும். கீறலில் தூசி படிந்து ஒரு மாதத்தில் கறுத்துவிடும். குறுக்கே வெட்டும் இரட்டைக் கோட்டை நீக்கும்போது, தாலுவோவிலிருந்து ஃபெய்சுவுக்கு இறங்கும் கோடு அறுந்துவிடக் கூடாது. அந்த இரண்டு கோடுகளுக்கு ஒரு மணித்தியாலமும், அடியிலிருந்த விளக்க வரிக்கு இரண்டரை மணித்தியாலமும் சென்றன. முடிந்ததும் மிஸ் பிரைஸ் வந்து பலகையைச் சாய்த்து, வெளிச்சத்தில் நான்கு பக்கமும் பார்த்தார். பென்சிலைச் சட்டைப் பையிலிருந்து எடுத்தார். சற்று நேரம் கையில் வைத்திருந்துவிட்டு, மீண்டும் பைக்குள் வைத்தார்.

இரண்டாம் பலகையில், சுவாங் பிரபுவின் பெயரருகே தாலுவோவின் நிலத்தின் பெயரை எழுதினேன். முதற் பலகையில் அந்நிலத்தின் பெயர் இருந்த அதே உயரத்தில் அதை வைத்து, அங்கிருந்து முதற் பலகையை நோக்கிய விளிம்பு வரை ஒரு மெல்லிய புள்ளிக் கோடு இழுத்தேன். இரண்டு பலகைகளையும் அருகருகே வைத்தால், நிலம் போன வழியும் வந்த வழியும் ஒரே பார்வையில் தெரியும். அதை டொக்டர் லின் தம் விரிவுரைகளில் பயன்படுத்தினார் என்று பின்னர் அறிந்தேன்.

மிஸ் பிரைஸ் பரிந்துரையைத் திருப்பி எடுத்தார். என் கோப்பில் ஒரு குறிப்பு வைத்தார். வைப்பதற்கு முன் என்னை உட்காரவைத்து உரத்து வாசித்தார். குறிப்புகளை முழுமையாக வாசிக்காமல் வரைந்தது, வரைந்ததை நிச்சயமென்று கூறியது, பின்னர் தாமே கண்டறிந்து அறிவித்தது, தாமே திருத்தியது ஆகிய நான்கும் இந்த ஒழுங்கில் அதில் இருந்தன. கையொப்பமிட்டேன். பதினைந்து மாதங்கள் கழித்து என் பதவி நிரந்தரமானது. அந்தப் பதவியிலிருந்தே ஓய்வு பெற்றேன். இடையில் எத்தனையோ வம்சாவளிகளை வரைந்தேன். பின்னாளில் கணினியிலும் வரைந்தேன். எல்லாக் கட்டுகளையும் அவிழ்த்து வாசித்த பின்னரே தொட்டேன்.

ஸ்காபரோவில் எங்கள் ஊர்ச் சங்கம் வெளியிட்ட ஆண்டு மலரில் அண்மையில் என்னைப் பற்றி ஒரு பக்கம் வந்திருக்கிறது. வெள்ளைக்கார அதிகாரி ஒருவர் சீன அரச வம்சத்தைப் பிழையாக வரைந்துவிட்டார் என்றும், நம்மவர் ஒருவர் அதைக் கண்டுபிடித்துத் திருத்தினார் என்றும், அந்த அதிகாரி அவரிடம் மன்னிப்புக் கோரினார் என்றும் அதில் எழுதப்பட்டுள்ளது. நூதனசாலையில் என்னோடு பணியாற்றி ஓய்வு பெற்றவர்கள் சிலர், பிழையைக் கண்டவர் டொக்டர் லின் என்று சொல்லி வருகிறார்கள்.

இரண்டும் தவறு. கோட்டை இட்டவன் நான். பிழையைக் கண்டவன் நான். மிஸ் பிரைஸ் எவரிடமும் மன்னிப்புக் கோரவில்லை. கோர வேண்டிய காரணம் அவருக்கு இருக்கவில்லை.